டாக்டர் கிரேஸின் வரவு செலவு

(நம் சங்கத்தின் மூத்தோர் சந்திப்பில் பேசியது)

வங்கியில் லெட்ஜர் எழுதியே ரிட்டயர் ஆனவன் நான். கிரிக்கெட் வீரர் டபிள்யூ.ஜி. கிரேஸைப் பற்றிப் படித்தாலும் கண் தொகைக்குத்தான் போகிறது.

1848-இல் பிரிஸ்டலுக்குப் பக்கத்தில் டவுனெண்டில் பிறந்தவர். தொழில் டாக்டர். அந்தக் கால இங்கிலாந்தில் ஆட்டக்காரர்கள் இரண்டு வகை. பொழுதுபோக்காக ஆடுபவர் அமெச்சூர், அதாவது 'ஜென்டில்மேன்'. கூலிக்கு ஆடுபவர் புரொஃபஷனல். மைதானத்துக்குள் வர இருவருக்கும் வாசலே தனித்தனி. கிரேஸ் அமெச்சூர். சம்பளம் கிடையாது, செலவுத்தொகை மட்டும்.

இப்போது கணக்கைப் பாருங்கள். 1873-74 ஆஸ்திரேலியப் பயணத்தில் கூடப் போன புரொஃபஷனலுக்கு 170 பவுண்டு. கிரேஸுக்கு 1,500! 1895-இல், 46 வயதில், மே மாதத்திலேயே ஆயிரம் ரன் குவித்தார். நூறாவது சதமும் அடித்தார். ஜனங்கள் நன்கொடை திரட்டி 9,000 பவுண்டுக்கு மேல் கொடுத்தார்கள்.

அவரைக் குறை சொல்லவில்லை. கூட்டம் வந்ததே அவருக்காகத்தான். ஆனால் அதே ஆட்டம், அதே வெயில். ஒருவர் வாங்கினால் 'செலவு', இன்னொருவர் வாங்கினால் 'கூலி'. தலைப்பு மாறியதால் வாசலும் மாறியது. இந்தப் பாகுபாட்டை இங்கிலாந்து 1962-இல்தான் எடுத்தது.

கணக்கில் தொகையை மட்டும் பார்த்தால் போதாது; எந்தத் தலைப்பில் எழுதியிருக்கிறது என்றும் பார்க்க வேண்டும்.