25 வயதில் முதலாண்டு மாணவர்
(மறுசந்திப்பு நாளில் ஆற்றிய உரை)



என்ஜினீயருக்குச் சினிமாக்காரரைப் பற்றி என்ன பேச்சு என்று நினைக்காதீர்கள். வசீலி ஷுக்‌ஷின் முதலில் சேர்ந்ததே ஆட்டோமொபைல் தொழில்நுட்பப் பள்ளியில்தான். இரண்டரை வருஷம் படித்துவிட்டு, முடிக்காமலே வந்துவிட்டார்.

1929-ல் சைபீரியாவின் அல்தாய் பகுதியில், ஸ்ரோஸ்த்கி கிராமத்தில் பிறந்தவர். 1933-ல் அப்பாவைக் கைது செய்து சுட்டுக் கொன்றார்கள். மகன் வளர்ந்து தொழிற்சாலையில் ஃபிட்டர் ஆனார், கடற்படையில் ரேடியோ ஆபரேட்டர் ஆனார். ஊர் திரும்பி மாலைப் பள்ளியில் வாத்தியார். பள்ளி இறுதித் தேர்வையே தனித்தேர்வராகத்தான் எழுதினார். 1954-ல் மாஸ்கோ திரைப்படக் கல்லூரியில் டைரக்‌ஷன் படிக்கச் சேர்ந்தபோது வயது 25. கூடப் படித்தவர் தர்கோவ்ஸ்கி.

படிக்கும்போதே 1958-ல் ‘இரண்டு ஃபியோதர்கள்’ படத்தில் கதாநாயகன். 1964-ல் அவர் இயக்கிய முதல் முழுநீளப் படத்துக்கு வெனிஸ் விழாவில் பரிசு. இடையில் சிறுகதைகளும் எழுதிக் குவித்தார்.

ஆனால் மனசு முழுக்க வேறு ஒரு படம். 17-ஆம் நூற்றாண்டுக் கலகக்காரன் ஸ்தெபான் ராஸினின் கதை. அனுமதி தள்ளிப் போய்க்கொண்டே இருந்தது. மனுஷன் சும்மா உட்காரவில்லை. அதையே நாவலாக எழுதினார். 1974-ல் ‘கலினா கிராஸ்னயா’ வந்தது. கதை, இயக்கம், நாயகன் மூன்றும் அவரே. சிறையிலிருந்து வந்த மகன், தான் யாரென்று சொல்லாமலே தாயைப் பார்த்துவிட்டுப் போகிறான். தாயாக வந்தவர் நடிகையே அல்ல, நிஜமான கிராமத்துப் பாட்டி. தன் சொந்தக் கதையைத்தான் சொல்லுகிறார். சோவியத் தேசத்தில் அந்தப் படத்தை 6 கோடிக்கும் மேற்பட்டோர் பார்த்தார்கள்.

அதே வருஷம் அக்டோபர் 2-ஆம் தேதி, பொந்தர்ச்சுக்கின் போர்ப்படத்தில் நடித்துக்கொண்டிருந்தபோது, தோன் நதியில் நின்ற கப்பலில் இறந்துபோனார். வயது 45. ராஸின் படம் எடுக்கப்படவே இல்லை.

அரியர்ஸ் வைத்திருக்கும் தம்பிகளே, 25 வயதில் முதலாண்டில் உட்கார்ந்தவரை நினைத்துக்கொள்ளுங்கள். “இனிமேல் என்னப்பா” என்று சலித்துக்கொள்ளும் என் வயது நண்பர்களே, கல்லூரியில் காலடி வைத்த நாளிலிருந்து அவருக்குக் கிடைத்தது 20 வருஷம்தான். பெரிய வேலைக்கு உத்தரவு வரும்வரை கையில் இருந்த வேலையை அவர் ஒதுக்கி வைக்கவில்லை. இன்று உலகம் பார்ப்பது அந்த வேலையைத்தான்.