கரைசல் சிவந்த பிறகு

லஞ்ச வழக்குகளில் சாட்சியம் குறித்த இக்கருத்தரங்குக்குத் தலைமையேற்க அழைத்த அமைப்பாளர்களுக்கு என் நன்றி.

லஞ்சம் வாங்கிய அலுவலர் கையும் களவுமாகப் பிடிபட்டார் என்று முதல் பக்கத்தில் படிக்கிறோம். பல ஆண்டுகள் கழித்து அவரே விடுதலையான செய்தி உள்பக்கத்தில் ஒரு மூலையில் வருகிறது. படிப்பவர் நீதிமன்றத்தைச் சந்தேகிக்கிறார். நான் முதலில் வழக்குக் கட்டைத்தான் சந்தேகிப்பேன். பணத்தை மீட்டதைப் பக்கம் பக்கமாக எழுதும் நம் புலனாய்வு, பணம் கேட்கப்பட்டதை ஒரு பத்தியில் முடித்துவிடுகிறது. வழக்கு சாய்வது அந்தப் பத்தியில்தான்.

பொறிவைப்பு நடைமுறை உங்களுக்குத் தெரிந்ததே. நோட்டு எண்களைக் குறித்துக்கொண்டு பினாப்தலீன் பொடி தடவிப் புகார்தாரரிடம் ஒப்படைக்கிறார்கள். பணம் கைமாறியதும் எதிரியின் விரல்களைச் சோடியம் கார்பனேட் கரைசலில் நனைக்க, அது இளஞ்சிவப்பாகிறது. அதைப் புட்டியில் அடைத்து, முத்திரையிட்டு ஆய்வகத்துக்கு அனுப்புகிறார்கள். அந்தப் புட்டி சொல்வது ஒன்றே ஒன்று: இந்தக் கை அந்த நோட்டைத் தொட்டது. எதற்காகத் தொட்டது என்பதை வேதியியல் சொல்லாது. கைமாற்றைத் திருப்பித் தந்தார், அரசுக் கட்டணமாகக் கொடுத்தார், வேண்டாம் என்றும் பையில் திணித்தார் என எதிர்த்தரப்பு சொல்லும் காரணங்களெல்லாம் இந்த இடைவெளியில்தான் நுழைகின்றன.

உச்ச நீதிமன்றத்தின் பி.ஜெயராஜ் வழக்கைப் பாருங்கள். தொகை 250 ரூபாய். நியாய விலைக் கடை உரிமத்தைப் புதுப்பிக்கும் கட்டணமாக வங்கியில் செலுத்தவே அதைக் கொடுத்தேன் என்று புகார்தாரரே கூண்டில் மாற்றிச் சொன்னார். 2014இல் எதிரி விடுதலையானார். அடுத்த ஆண்டு சத்தியநாராயண மூர்த்தி வழக்கு: தட்டச்சுப் பயிலகம் நடத்தியவர் புகார்தாரர், விசாரணைக்கு முன்பே இறந்துவிட்டார். அங்கும் விடுதலை. ஆனால் 2000இல் நரசிங்க ராவ் வழக்கில், பால் குளிரூட்டும் நிலைய மேலாளர் ஒருவருக்கு எதிராகப் புகார்தாரர் பிறழ்சாட்சியான பிறகும், சூழ்நிலைகளிலிருந்து அனுமானம் கொண்டு தண்டனை உறுதிசெய்யப்பட்டிருந்தது. மூன்றும் ஆந்திரத்திலிருந்து வந்த வழக்குகள். இரு போக்குகளுக்கும் இடையே விசாரணை நீதிமன்றங்கள் திணறின.

இந்தச் சிக்கலை நீரஜ் தத்தா வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு 2022 டிசம்பர் 15 அன்று அவிழ்த்தது. கேட்டு வாங்கியதாகச் சொல்லும் வழக்கில் கேட்டதும் பெற்றதும் நிரூபணமாகாமல் குற்றம் இல்லை. கேட்காமலே நீட்டியதை ஏற்றாலும் குற்றமே. அப்போது நீட்டியதையும் ஏற்றதையும் நிரூபிக்க வேண்டும். புகார்தாரர் இறந்தாலோ பிறழ்ந்தாலோ வழக்கு தானாகச் சாகாது. வேறு சாட்சியாலும் சூழ்நிலைச் சான்றாலும் நிரூபிக்கலாம். அடிப்படை உண்மைகள் நிலைநின்றால் ஊழல் தடுப்புச் சட்டத்தின் 20ஆம் பிரிவின் அனுமானத்தை நீதிமன்றம் கொண்டாக வேண்டும். அரசுத் தரப்புக்குப் பெரிய வெற்றி என்று எல்லோரும் எழுதினோம். மூன்று மாதம் கழித்து, 2023 மார்ச்சில், அந்தச் சட்ட விளக்கத்தைப் பொருத்திப் பார்த்த இருவர் அமர்வு அதே வழக்கின் மேல்முறையீட்டாளரை விடுதலை செய்தது. மின் மீட்டர் தொடர்பான வழக்கு அது. புகார்தாரர் உயிருடன் இல்லை. உடன் சென்ற சாட்சி சொன்னதில் லஞ்சக் கோரிக்கைக்கு ஆதாரம் இல்லை. கதவைத் திறந்துவிட்ட வழக்கே அதன் வழியே உள்ளே போக முடியவில்லை. இந்த இரண்டு தீர்ப்புகளையும் சேர்த்துப் படிக்காதவர் இந்தச் சட்டத்தைப் பாதிதான் படித்தவர்.

இன்னொன்றையும் கவனியுங்கள். லஞ்சம் பற்றிய நம் சட்டம் 250 ரூபாயிலும் 500 ரூபாயிலும் வளர்ந்திருக்கிறது. 1949இல் பன்னா வைரச் சுரங்க விவகாரத்தில் 25,000 ரூபாய் வாங்கிய விந்தியப் பிரதேச அமைச்சர் சிவ பகதூர் சிங் போன்றோர் அரிய விதிவிலக்கு. பெரிய இடத்துப் பணம் மேசைக்கு நேரே வருவதில்லை. வந்தாலும் வாங்கும் கை வேறொருவருடையது. பெரிய இடத்தவர்களுக்குச் சொத்துக்குவிப்பு வழக்கு என்ற தனிப் பாதை இருக்கிறது. தமிழ்நாட்டவருக்கு அதை விளக்க வேண்டியதில்லை.

புகார்தாரர் ஏன் பிறழ்கிறார்? பட்டா மாற்றத்துக்கு அலைந்தவர் மறுநாளும் அதே அலுவலகப் படிதான் ஏற வேண்டும். வேலை முடிந்தபின் ஆண்டுக்கணக்கில் நீதிமன்றத்துக்கு நடக்க அவருக்கு என்ன தேவை? ஊழல் தடுப்புச் சட்டத்தின் 2018 திருத்தம் விசாரணையை இரண்டு ஆண்டுகளில் முடிக்க முயலச் சொல்கிறது. கட்டாயத்தால் கொடுத்தவர் ஏழு நாளுக்குள் புகார் செய்தால்தான் தப்புவார் என்றும் சொல்கிறது. பயந்தவனை இந்தக் கெடு மேலும் மௌனமாக்கும் என்பது என் கருத்து. மறுப்பவர்கள் இந்த அவையில் இருக்கிறார்கள், தெரியும். பிற்பகல் அமர்வில் கேட்க ஆவலாயிருக்கிறேன்.

ஆகவே பொறி வைக்கும் முன்பே கோரிக்கையை நிறுவ வேண்டும். விண்ணப்பம் எந்தத் தேதியில் யாருடைய மேசையில் கிடந்தது, அந்த வேலையைச் செய்யும் அதிகாரம் எதிரிக்கு இருந்ததா, அவரும் புகார்தாரரும் எப்போது பேசினார்கள் என்பதெல்லாம் ஆவணமாக வேண்டும். பேச்சைப் பதிவு செய்து அதன் நகலைத் தாக்கல் செய்தால் மின்னணுச் சான்றுக்கான சான்றிதழ் தேவை; 2020இன் அர்ஜுன் பண்டித்ராவ் தீர்ப்பு அதில் விட்டுக்கொடுக்கவில்லை. குரல் மாதிரி எடுக்க நீதித்துறை நடுவர் உத்தரவிடலாம் என்பது 2019 முதல் தெளிவு. உடன் செல்லும் சாட்சி காதால் கேட்கும் தூரத்தில் நிற்க வேண்டும். வாசலில் நின்றவர் பணத்தைப் பார்ப்பார், பேச்சைக் கேட்கமாட்டார். வழக்குத் தொடரும் அனுமதி ஆணையைப் பற்றித் தனி அமர்வே இருப்பதால் நான் தொடவில்லை.

கட்டுரையாளர்களுக்கு ஒரு வேண்டுகோள். உச்ச நீதிமன்றத் தீர்ப்புகளோடு நின்றுவிடாதீர்கள். உங்கள் மாவட்டச் சிறப்பு நீதிமன்றத்தின் விடுதலைத் தீர்ப்புகளை எடுத்து, ஒவ்வொன்றிலும் கோரிக்கை எந்தச் சாட்சியிடம் அறுந்தது என்று குறித்து அடுத்த கருத்தரங்குக்குக் கொண்டுவாருங்கள். முதல் அமர்வின் கட்டுரையாளரை மேடைக்கு அழைக்கிறேன்.