மவுண்ட் ரோடில் ஒரு வணிக மாளிகை



நாராயணவனத்திலும் அதனைச் சூழ்ந்த ஊர்களிலும் வாழும் தமிழ் மக்களுக்குப் பழைய கட்டடங்களின் அருமையை எடுத்துரைக்க வேண்டுவதில்லை. ஆகாசராசன் திருமகள் பத்மாவதியின் திருமணம் நிகழ்ந்த இடமென்று போற்றப்படும் கல்யாண வேங்கடேசுவரர் திருக்கோயில் உங்கள் கண்முன்னே நிற்கிறது. வழிபடுவோர் உள்ளவரையில் கோயிலைக் காப்பதற்கு ஆள் உண்டு. அரண்மனையைக் காப்பதற்கும் அரசோ அருங்காட்சியகமோ முன்வருவதுண்டு. ஆனால் வாணிகம் செய்வதற்கென்றே ஒருவர் கட்டிய மாளிகையை, அவ்வாணிகம் மறைந்தபின் காப்பவர் யார்? இவ்வினாவுக்கு விடை தேடி நெடுநாள் வழக்காடிய ஒரு கட்டடத்தைப் பற்றியே இன்று பேச விரும்புகிறேன்.

1953ஆம் ஆண்டு அக்டோபர் முதல் நாளில் ஆந்திர மாநிலம் அமையும்வரை சித்தூர் மாவட்டம் சென்னை மாநிலத்தின் பகுதியாகவே இருந்தது. புத்தூரில் ரயிலேறிச் சென்னைப் பட்டணம் சென்றவர்கள் தங்கள் தலைநகருக்கே சென்றார்கள். அங்கே மவுண்ட் ரோடைப் பார்க்காமல் திரும்பியவர் அரியர். பிற்காலத்தில் அண்ணா சாலை என்று பெயர் பெற்ற அந்நெடுஞ்சாலையும் ஜெனரல் பாட்டர்ஸ் ரோடும் கூடும் முனையில், தூபி போன்ற கோபுரங்களும் வளைவுகளும் கொண்டு உயர்ந்து நிற்பது பாரத் இன்ஷூரன்ஸ் கட்டடம். அதன் முதற்பெயர் கார்டில் கட்டடம் என்பது.

இதனைக் கட்டுவித்தவர் டபிள்யூ. ஈ. ஸ்மித் என்னும் ஆங்கிலேய மருந்து வணிகர். உதகமண்டலத்தில் மருந்துக்கடை நடத்திப் பின் சென்னையில் தொழிலை விரித்தவர். 1897இல் இம்மாளிகை எழுந்தது. மருந்துக்கடை என்றவுடன் நம் ஊர்க் கடைத்தெருவில் நான்கு அலமாரிகளோடு விளங்கும் கடையை நினைந்துவிடலாகாது. பரந்த விற்பனைக் கூடம், மருத்துவர்கள் நோயாளரைப் பார்க்கும் அறைகள், சோடா முதலிய பானங்கள் செய்யும் கூடம் ஆகிய அனைத்தும் ஒரே கூரையின்கீழ் இடம்பெற்றிருந்தன. ஒரு மருந்து வணிகர் தம் கடைக்கு இத்தனை கோபுரங்கள் வேண்டுமென்று எண்ணினாரே, அந்த மிடுக்கை என்னென்பது! மவுண்ட் ரோடின் பெருங்கடைகளுக்கிடையே அன்று நிலவிய போட்டியை அக்கோபுரங்களே கூறிவிடும்.

கட்டடத்தை வகுத்தவர் ஜே. எச். ஸ்டீபன்ஸ். 1892இல் முற்றுப்பெற்ற சென்னை உயர்நீதிமன்றக் கட்டடப் பணியில் ஹென்றி இர்வினுக்குத் துணையாக இருந்தவர் இவரே. இப்பெயரை நேயர்கள் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டுகிறேன். உயர்நீதிமன்றத்தில் கைபழகிய இந்தோ சாரசனிக் பாணியையே ஸ்டீபன்ஸ் இங்கும் கையாண்டார். மசூதிகளின் மினார்களை ஒத்த சிறு கோபுரங்களும், ஐரோப்பியத் தூண் வரிசைகளும், நுண்ணிய மரவேலைப்பாடும் இதில் ஒருங்கே காணப்படும். இக்கலப்பைக் கண்டு முகஞ்சுளித்த கலைவாணர்களும் உண்டு. ஆயினும் கட்டடத்தின் ஆழ்ந்த தாழ்வாரங்களைக் குறைகூற ஒருவராலும் இயலாது. சென்னையின் சித்திரை வெயிலும் ஐப்பசி மழையும் உள்ளறைகளை நேரே தாக்காதவாறு அவை தடுத்தன. மின்விசிறி பரவாத காலத்தில் தாழ்வார நிழலே வாடிக்கையாளரைக் கடைக்குள் அழைத்தது.

1925இல் ஸ்மித்தின் தொழில் ஸ்பென்ஸர் நிறுவனத்தின் கைக்கு மாறியது. 1934இல் லாகூரில் தோன்றிய பாரத் இன்ஷூரன்ஸ் கம்பெனி கட்டடத்தை வாங்கவே, அப்பெயரே நிலைத்துவிட்டது. 1956இல் ஆயுள் இன்ஷூரன்ஸ் தொழில் நாட்டுடைமையானபோது மாளிகையும் ஆயுள் காப்பீட்டுக் கழகத்தைச் சேர்ந்தது. மூன்றாண்டு கழித்து, 1959இல், அதே மவுண்ட் ரோடில் அதே கழகத்தின் பதினான்கு மாடிக் கட்டடம் திறக்கப்பெற்றது. அதனை அண்ணாந்து பார்ப்பதற்கென்றே வெளியூர்களிலிருந்து மக்கள் வந்தார்கள். பழைய மாளிகையை ஏறெடுத்துப் பார்ப்பவர் குறைந்தனர்.

செங்கல்லும் சுண்ணாம்பும் கொண்டு எழுந்த கட்டடம் ஆண்டுதோறும் பராமரிப்பை வேண்டுவது. காரை பெயர்ந்த இடுக்கில் பறவை இட்ட ஓர் அரச விதை விழுந்தால் போதும். வேர் சுவரைப் பிளந்துவிடும். இம்மாளிகைக்கும் அந்நிலை நேர்ந்தது. பழுதுற்றது என்று கூறி 2006இல் கழகம் இடிக்கத் தொடங்கியது. ஒரு பகுதி இடிந்தும் போயிற்று. இன்டாக் என்னும் கலை, பண்பாட்டு மரபுக் காப்பு அமைப்பு உயர்நீதிமன்றத்தை நாடித் தடை பெற்றது.

நூறாண்டு கடந்த கட்டடமாயினும், தமக்கு உரிமையானதை உரியவர் இடிப்பதை எந்தச் சட்டத்தின்படி தடுப்பது என்பதே வழக்கின் முடிச்சு. தொல்லியல் துறையின் பாதுகாப்பு இதற்கு இல்லை. இங்கே உதவிக்கு வந்தது எதிர்பாராத ஒரு பட்டியல். சென்னைச் சாலைகளில் விளம்பரப் பலகைகள் பெருகிக் கட்டடங்களை மறைத்ததைப் பற்றிய வேறொரு வழக்கில், ஓய்வுபெற்ற நீதிபதி ஈ. பத்மநாபன் தலைமையில் ஒரு குழு அமைந்தது. எந்தெந்த மரபுக் கட்டடங்களின் முன்னே பலகை நிறுத்தலாகாது என்று வரையறுக்க அக்குழு தொகுத்த பட்டியலில் நானூற்றுக்கு மேற்பட்ட கட்டடங்கள் இடம்பெற்றன. பலகைகளை விலக்கப் பிறந்த பட்டியல் இடிப்போர் கைகளைத் தடுக்கும் கருவியாயிற்று. 2010ஆம் ஆண்டு ஏப்ரல் 29ஆம் நாள், இம்மாளிகையை இடிக்கலாகாது என்று உயர்நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பட்டியலிலுள்ள ஏனைய கட்டடங்களுக்கும் அத்தீர்ப்பு அரணாயிற்று. ஸ்டீபன்ஸ் உழைத்து உருவாக்கிய நீதிமன்றத்திலேயே அவருடைய மற்றொரு கட்டடத்துக்கு உயிர்ப்பிச்சை கிடைத்ததை ஊழ் என்பதா, தற்செயல் என்பதா?

எனினும், இடிக்காதே என்று ஆணையிடுவது வேறு; பழுது பார்த்து மக்கள் வழங்கும் இடமாக்குவது வேறு. தீர்ப்புக்குப் பின்னும் ஆண்டுகள் பல கடந்தன. மாளிகை சிதைந்த நிலையிலேயே நின்றது. உயர்நீதிமன்றம் தடையைத் தரலாம். சுண்ணாம்பு பூசும் கொத்தனையும், தச்சனையும், அவர்களுக்குரிய கூலியையும், பின்பு அங்கே குடிவந்து கடை நடத்துவோரையும் தீர்ப்பால் கொணர இயலாது. சென்னைக்குச் செல்லும் நேயர்கள் ஜெனரல் பாட்டர்ஸ் ரோடு முனையில் ஒரு கணம் நின்று மேலே நோக்குவார்களாயின், எஞ்சிய கோபுரங்களைக் காணலாம்.