வேடம் கொடுப்பவர் யார்?

(வெள்ளி விழாவையொட்டிக் கூரத்தில் நிகழ்த்திய உரை)



பள்ளித் தலைமையாசிரியன் திரைப்பட நடிகரைப் பற்றிப் பேசலாமா எனச் சிலர் வினவக்கூடும். நம் கூரத்துக் கோயில் மண்டபத்தில் பாரதம் படிப்பதற்கென்றே முதலாம் பரமேசுவரவர்மன் 7ஆம் நூற்றாண்டில் ஒரு பங்கு ஒதுக்கியதைக் கூரம் செப்பேடு கூறுகின்றது. அக்கதைதான் இவ்வட்டாரத்தில் தெருக்கூத்தாக விடிய விடிய ஆடப்படுகின்றது. ஆகவே நடிப்பு நமக்குப் புறம்பானதன்று.

நான் எடுத்துக்கொண்டவர் நாசர். 1958இல் செங்கல்பட்டில் பிறந்தவர். சில காலம் விமானப்படையிலும் பின்னர் ஓட்டலிலும் பணிபுரிந்தவர். நடிப்பை முறையாகப் பயின்றவர். 1985இல் பாலசந்தரின் 'கல்யாண அகதிகள்' அவருடைய முதற்படம். 'நாயகன்' (1987) படத்தில் காவல் அதிகாரி, 'தேவர் மகன்' (1992) படத்தில் பகை வளர்க்கும் மாயன், 'பாகுபலி' (2015) படத்தில் கை சூம்பிய பிஜ்ஜலதேவன். 'அவதாரம்' (1995) அவரே இயக்கிய படம். அதில் கூத்துக் கலைஞனாகவே வந்தார்.

'பம்பாய்' (1995) படத்தைச் சற்று நின்று நோக்குங்கள். இசுலாமியரான நாசர் அதில் நாராயண பிள்ளை என்னும் இந்துத் தந்தை. கிட்டியோ பஷீர் என்னும் இசுலாமியத் தந்தை. பிறப்பைப் பார்த்து வேடம் பங்கிடப்படவில்லை. பார்த்த நமக்கும் அது உறுத்தவில்லை.

'அவ்வை சண்முகி' (1996) வேறு விதம். பாஷா என்னும் சமையற்காரர், ஐயர் வீட்டில் வேலை பெறும்பொருட்டுப் பிராமணராகவும் வாய்பேசாதவராகவும் நடிக்கிறார். அரங்கமே சிரித்தது, நானும் சிரித்தேன். ஆனால், நகரில் வாடகைக்கு வீடு தேடிச் சென்றபோது, எந்தத் தெரு என்று கேட்டுவிடுவார்களோ என அஞ்சி வாய்மூடி நின்றவன் நான். வீடு திரும்பும் வழியில் அந்தச் சிரிப்பு எனக்குக் கசந்தது.

பள்ளி மாணவனாயிருந்த காலத்தில் ஆண்டுதோறும் நாடகம் உண்டு. வசனம் முழுவதும் எனக்கு மனப்பாடம். இருந்தும் நான்கு ஆண்டுகளும் வாயிற்காப்போன் வேடமே கிடைத்தது. அரசன் வேடம் யாருக்கென்று எவரும் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. இன்று வேடம் பங்கிடும் பொறுப்பு என் கையில் இருக்கிறது. வசனத்தைப் படிக்கச் சொல்லிக் கேட்ட பின்னரே முடிவு செய்கிறேன்.

நம் விழா நாடகத்தில் கர்ணனுக்கு இன்னும் ஆள் எடுக்கவில்லை. ஞாயிறு மாலை ஒத்திகைக்கு வந்து படித்துக் காட்டுங்கள். பெண்பிள்ளைகளும் வரலாம்.