திரைக்கதை எழுதினால் அடுப்பு எரியுமா?



திரைக்கதை எழுதப் போகிறேன் என்று சொல்லும் பிள்ளையிடம் பெற்றோர் கேட்கும் முதல் கேள்வி இதுதான். நியாயமான கேள்வி. மலேசிய மக்கள்தொகையில் இந்தியர்கள் சுமார் 7 விழுக்காட்டினர். இந்தச் சிறிய சந்தையில், பெரிய நிறுவனத்தின் துணையில்லாமல் எழுத்தை மட்டும் நம்பிக் குடும்பம் நடத்துவது கடினம். தொலைக்காட்சி நாடகம், விளம்பரம், படத்தொகுப்பு என வேறு வேலை பார்த்துக்கொண்டே எழுத வேண்டியிருக்கிறது.

பிறகு ஏன் எழுத வேண்டும்? இரண்டு படங்கள் பதில் சொல்கின்றன.

2005இல் தீபக் குமாரன் மேனன் 'செம்மண் சாலை' படத்தைத் தந்தார். 1960களின் ரப்பர் தோட்டம். மேற்படிப்புக்கு ஏங்கும் ஒரு பெண். தம் தாயாரின் வாழ்க்கையிலிருந்து அவர் எடுத்த கதை அது. சிறிய செலவில் உருவான அப்படம் வெளிநாட்டுத் திரைப்பட விழாக்கள் வரை சென்றது.

அடுத்து, சஞ்சய் குமார் பெருமாள் எழுதி இயக்கி 2015 டிசம்பரில் வெளிவந்த 'ஜகாட்'. தோட்டத்தை விட்டு வெளியேறிய மக்கள், அவர்களிடையே வளரும் ஒரு சிறுவன், அவன் கண்முன்னே குண்டர் கும்பல். 2016இல் 28ஆவது மலேசியத் திரைப்பட விழாவில், தேசிய மொழியில் இல்லாத படங்களைத் தனிப் பிரிவில் ஒதுக்குவதா என்ற சர்ச்சை வெடித்தது. விதி மாற்றப்பட்டது. சிறந்த மலேசியப் படத்துக்கான விருது அந்தத் தமிழ்ப் படத்துக்கே கிடைத்தது.

இருவருக்கும் முதலீடு, தெரிந்த வாழ்க்கை. ஒரு லயத்து வீடு, ஒரு முற்றம், நான்கு பேர் போதும் என்று எழுதத் தெரிந்தால் செலவு குறையும். மழை, இரவு, கூட்டம் என்று எழுதும் ஒவ்வொரு வரியும் பணம் கேட்கும்.

இன்னொன்றும் தெரிந்திருக்க வேண்டும். 1987ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டப்படி, வாயால் சொன்ன கருவுக்கு உரிமை கிடையாது. எழுதிய வடிவத்துக்கே உரிமை. அதையும் ஒருவர் காசு கொடுத்து எழுதச் சொன்னால், மாற்று ஒப்பந்தம் இல்லாதபோது உரிமை அவருக்குப் போய்விடும். அம்மாவின் கதையை எழுதிக் கொடுத்துவிட்டு, பிறகு அது அடுத்தவர் சொத்து என்று அறிவது எத்தனை வேதனை! கையெழுத்துக்கு முன் படித்துப் பாருங்கள்.

மலாயாவின் முதல் வணிக ரப்பர்த் தோட்டம் மலாக்காவில்தான் பிறந்தது. 1896இல் புக்கிட் லிந்தாங்கில் டான் சே யான் அதைத் தொடங்கினார். பின்னர் ஜாசின், அலோர் காஜா வட்டாரங்களில் பால்மரம் வெட்டிய கைகள் இன்று முதுமையில் நடுங்குகின்றன. பல தோட்டங்கள் செம்பனையாகவும் வீடமைப்புப் பகுதியாகவும் மாறிவிட்டன. பாட்டி இருக்கும்போதே கேட்டு எழுதாவிட்டால், பிறகு யாரிடம் கேட்பது?

இளைஞர்கள் எழுதட்டும். பெரியவர்கள் சொல்லட்டும். படம் வந்தால், திருட்டுப் பிரதிக்குக் காத்திராமல் குடும்பத்தோடு டிக்கெட் வாங்குங்கள். எழுதியவர் வீட்டு அடுப்பு எரிய அதுவே வழி.