டான்யூப் முகத்துவாரத்தில் ஓர் ஊர்



ஓர் ஊரின் மக்களைப் பற்றி அறிய விரும்புவோர் முதலில் குடிமதிப்புக் கணக்கைப் புரட்டுவர். ருமேனிய நாட்டின் கீழ்க்கோடியிலுள்ள சுலினா என்னும் ஊருக்கு அது போதாது என்பேன். 2011ஆம் ஆண்டுக் கணக்கின்படி அங்கே வாழ்ந்தோர் 4,000 பேருக்கும் குறைவு. ஆயினும் அவ்வூர்க் கல்லறைத் தோட்டத்தில் ஆங்கிலேயரும் கிரேக்கரும், இத்தாலியரும் ருமேனியரும், இசுலாமியரும் யூதரும் துயில்கின்றனர். இத்துணைச் சிற்றூருக்கு இத்தனை இனத்தார் வந்தது எங்ஙனம்?

விடை ஆற்றிலே இருக்கிறது. டான்யூப் நதி கருங்கடலைச் சேருமுன் மூன்று கிளைகளாகப் பிரிகிறது. நடுக்கிளையின் முகத்துவாரமே சுலினா. பத்தாம் நூற்றாண்டிலேயே பைசாந்தியப் பேரரசர் ஏழாம் கான்ஸ்டண்டைன் தம் நூலில் இவ்விடத்தைக் குறித்திருக்கிறார். பிற்காலத்தில் துருக்கியரும் ரஷ்யரும் இதனை ஆண்டனர். ஆறு கொணர்ந்த வண்டல் வாயிலை அடைத்தது. நீரின் ஆழம் 9 அடியைத் தாண்டுவதே அரிது. கோதுமைக் கப்பல்கள் சரக்கைச் சிறு படகுகளில் இறக்கி, மணல்மேட்டைக் கடந்தபின் மீண்டும் ஏற்ற வேண்டியிருந்தது. இடையிலே புயலடித்தால் சரக்கும் போயிற்று, உயிரும் போயிற்று.

கிரிமியப் போர் முடிந்து, 1856இல் பாரிஸ் உடன்படிக்கையின்படி ஏழு அரசுகள் கூடி டான்யூப் ஐரோப்பிய ஆணைக்குழுவை நிறுவின. போர்க்களத்தில் எதிர்நின்ற பிரிட்டனும் ரஷ்யாவும் ஒரு மணல்மேட்டைப் பற்றி ஒன்றாக அமர்ந்து ஆலோசித்தன! சார்லஸ் ஹார்ட்லி என்னும் ஆங்கிலப் பொறியாளர் வாயிலின் இருபுறமும் கடலுக்குள் நீளும் அணைச்சுவர்களை எழுப்பினார். நெருக்கப்பட்ட நீர் விரைந்தோடி மண்ணைத் தானே அரித்துச் சென்றது. 1861இல் ஆழம் 17 அடி ஆயிற்று.

கப்பல்கள் பெருகின, அவற்றோடு மாலுமிகளும் வணிகரும் தரகரும் வந்து குடியேறினர். 1878இல் ஊர் ருமேனியாவுக்கு உரியதான பின்னும் ஆற்றில் ஆணைக்குழுவின் அதிகாரமே செல்லுபடியாயிற்று. அங்குப் பணியாற்றிய கடற்படை அதிகாரி யூஜெனியு போதெஸ் என்பார் சுலினாவை வைத்து எழுதிய நாவல் 1933இல் வெளிவந்தது. அதன் பெயர் 'யூரோபோலிஸ்', அதாவது ஐரோப்பிய நகர்.

ஆணைக்குழுவின் அதிகாரங்களை ருமேனியாவிடம் ஒப்படைக்க 1938இல் உடன்பாடு ஆயிற்று. அடுத்து உலகப்போர் மூண்டது. வேலையை நாடி வந்தோர் கலைந்தனர். டான்யூபிலிருந்து கான்ஸ்டான்ட்சா துறைமுகப் பக்கம் வெட்டிய கால்வாய் 1984இல் திறக்கப்படவே, பல கப்பல்களுக்குச் சுலினா வழி தேவையற்றதாயிற்று.

சுற்றுப்புற நாணற்காடுகளில் லிப்போவானியர் என்போர் வாழ்கின்றனர். பதினேழாம் நூற்றாண்டில் ரஷ்யத் திருச்சபைச் சடங்குகள் திருத்தப்பட்டபோது, அதனை ஏற்காது வெளியேறியவர்களின் வழியினர் இவர்கள். ஆணைக்குழுவை நம்பி வந்தவரல்லர். மீனை நம்பி வந்தவர். வலையும் படகுமாக இன்றும் அங்கேயே இருக்கின்றனர்.

சுலினாவுக்குச் சாலை கிடையாது. துல்ச்சா நகரிலிருந்து நீர்வழியே செல்லல் வேண்டும். 1870ஆம் ஆண்டளவில் கடலோரத்தில் ஆணைக்குழு கட்டிய கலங்கரை விளக்கம் ஒன்று அங்கு உண்டு. வண்டல் படிந்து படிந்து கடல் விலகிப்போகவே, அது இப்போது வீடுகளுக்கு நடுவே நிற்கிறது.