தலைவரைத் தேடும் வேலை: ஜான் டபிள்யூ. தாம்சனும் இயக்குநர் குழுவும்



யாருடைய நினைவாக நாம் இங்கே கூடியிருக்கிறோமோ அந்தப் பெரியவர், தன்னிடம் பங்கு இருந்த ஒவ்வொரு நிறுவனத்தின் ஆண்டறிக்கையையும் முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம் வரை படிப்பார் என்று குடும்பத்தார் சொன்னார்கள். இலாபக் கணக்கைப் பார்த்ததும் மூடிவைத்துவிடுகிறவர்களே அதிகம். இயக்குநர்களின் பெயர்ப் பட்டியலையும், யார் எத்தனை கூட்டத்துக்கு வந்தார் என்ற அட்டவணையையும் சேர்த்துப் படிக்கிறவர் அபூர்வம். இன்றைய பேச்சுக்கு நான் எடுத்துக்கொண்டது அந்தப் பட்டியலில் இருக்கிறவர்களைப் பற்றி.

ஓர் இயக்குநர் குழுவுக்குப் பல கடமைகள் உண்டு. கணக்கை ஏற்க வேண்டும், பங்காதாயத்தைப் பரிந்துரைக்க வேண்டும், பெரிய கொள்முதல்களுக்கு ஒப்புதல் தர வேண்டும். இவற்றுக்கெல்லாம் மேலே ஒன்றை வைக்கிறேன்: யார் தலைமை தாங்குவது, எப்போது விலகுவது என்ற முடிவு. அந்த ஒரு முடிவு சரியாக அமைந்தால் மற்ற பிழைகளை நிறுவனம் தாங்கிக்கொள்ளும். அது தவறினால் மற்றெல்லாம் சரியாக இருந்தும் பயனில்லை. இதைப் புரியவைக்க ஜான் டபிள்யூ. தாம்சன் என்ற அமெரிக்கரின் பணி வாழ்க்கையைவிடப் பொருத்தமான ஒன்றை நான் அறியேன்.

அவரிடம் போவதற்கு முன் நம் நாட்டிலிருந்து ஒரு நிகழ்ச்சி. 2008 டிசம்பர் 16. ஹைதராபாத்தில் சத்யம் கம்ப்யூட்டர் நிறுவனத்தின் இயக்குநர் குழு கூடியது. தலைவரின் குடும்பத்தோடு தொடர்புடைய இரண்டு மேட்டாஸ் நிறுவனங்களைச் சுமார் 160 கோடி டாலருக்கு வாங்கும் திட்டம் மேசைக்கு வந்தது. குழுவில் உலகப் புகழ்பெற்ற பேராசிரியர்கள் இருந்தார்கள். திட்டம் நிறைவேறியது. அதைத் தடுத்து நிறுத்தியது குழு அல்ல. வெளியே இருந்த முதலீட்டாளர்களின் கொந்தளிப்புதான். சில மணி நேரத்தில் திட்டம் திரும்பப் பெறப்பட்டது. மூன்று வாரம் கழித்து, 2009 ஜனவரி 7 அன்று, வங்கியில் இருப்பதாகக் காட்டிய பணத்தில் 5,040 கோடி ரூபாய் இல்லவே இல்லை என்று தலைவரே கடிதம் எழுதினார். பின்னால் வந்த 2013ஆம் ஆண்டு நிறுவனச் சட்டம், பட்டியலிடப்பட்ட நிறுவனங்களில் மூன்றில் ஒரு பங்கு இயக்குநர்களாவது சுயேச்சை இயக்குநர்களாக இருக்க வேண்டும் என்றது. நல்ல சட்டம்தான். ஆனால் அந்த டிசம்பர் நாளில் சத்யம் குழுவில் குறைந்தது படிப்போ எண்ணிக்கையோ அல்ல. எதிரே அமர்ந்திருக்கும் தலைவரைப் பார்த்து 'இதை ஏன் வாங்குகிறீர்கள்?' என்று விடாமல் கேட்கும் ஆள் இல்லை.

அப்படிக் கேட்கும் ஆள் எப்படி உருவாகிறார்?

தாம்சன் 1949இல் பிறந்தார். வளர்ந்தது ஃபுளோரிடாவின் வெஸ்ட் பாம் பீச்சில். அப்பா அஞ்சல் துறை ஊழியர், அம்மா ஆசிரியை. கறுப்பினக் குழந்தைகளுக்குத் தனிப் பள்ளி, தனி இருக்கை என்றிருந்த காலம். கிளாரினெட் வாசிப்பவர் என்பதால் இசைக்கான உதவித்தொகையில் மிசௌரிக்குப் படிக்கப் போனவர், பிறகு ஃபுளோரிடா ஏ அண்டு எம் பல்கலைக்கழகத்துக்கு மாறி வணிக நிர்வாகத்தில் பட்டம் பெற்றார். அது கறுப்பின மாணவர்களுக்காகத் தொடங்கப்பட்ட கல்வி நிலையம். 1971இல் ஐபிஎம் நிறுவனத்தில் விற்பனைப் பிரதிநிதியாகச் சேர்ந்தார்.

அந்தக் காலத்து ஐபிஎம்மில் விற்பனைப் பிரதிநிதி என்றால் ஆண்டுக்கு ஓர் இலக்கு உண்டு. இலக்கை முழுமையாக எட்டினால் 'நூறு சதவீதக் கிளப்' என்ற குழுவில் இடம் கிடைக்கும். எட்டாதவருக்குக் கிடைக்காது. அதில் சலுகைக்கோ சமாளிப்புக்கோ இடமில்லை. வாடிக்கையாளரின் அலுவலகத்துக்குப் போய், அவருடைய தொழில் எப்படி நடக்கிறது என்று கேட்டுத் தெரிந்துகொண்டு, இயந்திரம் எங்கே உதவும் என்று விளக்கி, கையெழுத்து வாங்கி வர வேண்டும். பொறியாளர் பட்டம் இல்லாமல் தொழில்நுட்ப உலகின் உச்சிக்குப் போனவர் தாம்சன். அவருக்குப் பள்ளிக்கூடமாக இருந்தது இந்த வேலை என்றே நினைக்கிறேன். கேட்கத் தெரிந்தவர்தான் விற்க முடியும்.

இருபத்தெட்டு ஆண்டுகள் ஐபிஎம்மில் இருந்தார். இடையில் எம்ஐடியின் ஸ்லோன் பள்ளியில் மேலாண்மை முதுகலை படித்தார். கடைசியில் அமெரிக்கக் கண்டங்கள் முழுவதற்குமான பொறுப்பு. ஆண்டுக்கு 3,700 கோடி டாலர் வருவாய் ஈட்டிய பிரிவு அது. இவற்றையெல்லாம் எந்த வாழ்க்கைக் குறிப்பிலும் படித்துக்கொள்ளலாம். நான் நிறுத்திப் பார்க்க விரும்புவது 1993ஐ.

அந்த ஆண்டு ஐபிஎம்மின் இழப்பு 800 கோடி டாலரைத் தாண்டியது. நிறுவனத்தைத் துண்டு துண்டாகப் பிரித்துவிடலாம் என்ற பேச்சு முற்றியிருந்தது. தலைமை மாறியாக வேண்டும். இயக்குநர் குழு ஒரு தேடல் குழுவை அமைத்தது. அதற்குத் தலைமை ஏற்றவர் ஜான்சன் அண்டு ஜான்சனின் முன்னாள் தலைவர் ஜேம்ஸ் பர்க். 1982இல் சிகாகோவில் டைலனால் மாத்திரைகளில் யாரோ விஷம் கலந்து மக்கள் இறந்தபோது, நாடு முழுக்க இருந்த மாத்திரைகளைத் திரும்பப் பெற்றவர் அவர். பர்க்கின் குழு கடைசியில் கொண்டுவந்தது லூ கெர்ஸ்ட்னரை. கணிப்பொறித் துறைக்கே வெளியாள். ஆர்ஜேஆர் நபிஸ்கோ என்ற பிஸ்கட், சிகரெட் நிறுவனத்தின் தலைவர். எள்ளி நகையாடியவர்கள் பலர். கெர்ஸ்ட்னர் நிறுவனத்தைப் பிரிக்காமல் காப்பாற்றினார். தாம்சன் அப்போது உள்ளே இருந்தார். ஓர் இயக்குநர் குழு சரியான ஆளைத் தேர்ந்தெடுத்தால் லட்சக்கணக்கான ஊழியர்களின் வாழ்க்கை எப்படித் திரும்பும் என்பதைக் கீழேயிருந்து பார்த்தவர் அவர். இருபது ஆண்டு கழித்து பர்க்கின் இடத்தில் அவரே உட்கார வேண்டியிருந்தது.

அதற்கு முன் அவருக்கே ஒரு நிறுவனம் கிடைத்தது. 1999 ஏப்ரலில் சைமன்டெக்கின் தலைமைச் செயல் அதிகாரியானார். சிலிக்கான் பள்ளத்தாக்கில் அந்த அளவு நிறுவனத்துக்குத் தலைமை ஏற்ற முதல் கறுப்பினத்தவர் அவர்தான். நார்ட்டன் என்ற பெயரில் பெட்டியில் அடைத்த மென்பொருள்களைக் கடையில் விற்றுவந்த நிறுவனம் அது. தொடர்பில்லாத சில சரக்குகளை விற்றுவிட்டு, கணிப்பொறிப் பாதுகாப்பு ஒன்றையே தொழிலாக்கினார். 2000 மே மாதம் 'ஐ லவ் யூ' வைரஸ் உலகம் முழுக்கப் பரவியது. அடுத்த ஆண்டு கோட் ரெட், நிம்டா. பாதுகாப்புக்குப் பணம் செலவிட நிறுவனங்கள் வரிசையில் நின்றன. அவர் வந்தபோது ஆண்டு வருவாய் சுமார் 63 கோடி டாலர். 2009இல் அவர் பதவி விலகியபோது 600 கோடியைத் தாண்டியிருந்தது.

ஆனால் அதில் பெரும் பகுதி வாங்கிச் சேர்த்தது. 2004 டிசம்பரில் சேமிப்பு மென்பொருள் நிறுவனமான வெரிட்டாஸை 1,350 கோடி டாலர் மதிப்பில் இணைத்துக்கொள்ள முடிவெடுத்தார். தரவைக் காப்பதும் தரவைச் சேமிப்பதும் ஒரே வாடிக்கையாளருக்கு வேண்டியவை, சேர்த்து விற்கலாம் என்பது கணக்கு. கணக்கு காகிதத்தில் அழகாக இருந்தது. இரு நிறுவனங்களும் ஒட்டவே இல்லை. 2008இன் கடைசிக் காலாண்டில் சுமார் 700 கோடி டாலர் மதிப்பைப் புத்தகத்திலிருந்து எழுதித் தள்ள வேண்டியதாயிற்று. பின்னால் வந்தவர்கள் வெரிட்டாஸைத் தனியே பிரித்து விற்றுவிட்டார்கள். தாம்சனின் வாழ்க்கையைப் புகழ்ந்து எழுதுகிறவர்கள் இந்தப் பக்கத்தைத் தாண்டிப் போகிறார்கள். நான் தாண்டவில்லை, ஏனென்றால் நிறுவனக் கொள்முதலின் வலியைச் சொந்தத் தோலில் அனுபவித்த ஒருவர் இயக்குநர் மேசையில் இருப்பது பெரும் பேறு என்று நம்புகிறேன்.

2012 பிப்ரவரியில் மைக்ரோசாஃப்ட்டின் இயக்குநர் குழுவில் சேர்ந்தார். அந்த ஆண்டிலேயே தலைமைச் சுயேச்சை இயக்குநரானார். அந்த மேசையைக் கொஞ்சம் மனத்தில் காணுங்கள். ஒருபக்கம் நிறுவனத்தைத் தொடங்கிய பில் கேட்ஸ், அவர்தான் குழுத் தலைவர். பக்கத்தில் அவருடைய கல்லூரித் தோழர் ஸ்டீவ் பால்மர், 2000 முதல் தலைமைச் செயல் அதிகாரி. இருவரும் மாபெரும் பங்குதாரர்கள். கைபேசிச் சந்தை ஆப்பிளிடமும் கூகிளிடமும் போய்க்கொண்டிருந்தது. பங்கு விலை பத்தாண்டாக ஏறக்குறைய அசையவில்லை. இப்படிப்பட்ட மேசையில் வெளியிலிருந்து வந்த ஒருவர் வாய் திறப்பது எளிதல்ல.

தாம்சன் திறந்தார். இதைச் சொன்னது அவர் அல்ல, பால்மரே. மாற்றம் இன்னும் வேகமாக வேண்டும் என்று 2013இன் தொடக்கத்தில் தாம்சன் தன்னை நெருக்கியதாகப் பின்னர் ஒரு நாளிதழுக்கு அளித்த பேட்டியில் பால்மர் கூறினார். மே மாதம் லண்டனில் இருந்தபோது, தான் விலகுவதே நிறுவனத்துக்கு வேகமான வழி என்ற முடிவுக்கு வந்ததாகவும் கூறினார். ஆகஸ்டு 23 அன்று அறிவிப்பு வெளியானது; அன்றே பங்கு விலை 7 சதவீதம் ஏறியது. பணி செய்தவரை அவமதிக்காமல், அவரே தன் முடிவாக எடுக்கும்படி கேள்வியை வைத்ததுதான் இங்கே இயக்குநரின் திறமை. சண்டை நடந்தால் செய்தி ஆகும், நிறுவனம் இரண்டாகும்.

தேடல் குழுவில் நால்வர்: தாம்சன் தலைவர், கேட்ஸ், சீகேட் நிறுவனத்தின் ஸ்டீவ் லூக்ஸோ, தணிக்கைக் குழுத் தலைவர் சக் நோஸ்கி. அந்த டிசம்பரில் தாம்சன் எழுதிய அறிக்கையின்படி, நூறு பேருக்கு மேல் பெயர்களை எடுத்து, சில டஜன் பேரிடம் பேசி, ஏறக்குறைய 20 பேர் மீது கவனத்தைக் குவித்தார்கள். ஃபோர்டு கார் நிறுவனத்தின் ஆலன் முலாலி வருவார் என்று பத்திரிகைகள் மாதக்கணக்கில் எழுதின. ஐபிஎம்மில் வெளியாளால் நடந்த அற்புதத்தைக் கண்ட தாம்சனுக்கு, அதே மருந்தை இங்கேயும் எழுதிக்கொடுக்க எவ்வளவு ஆசை இருந்திருக்க வேண்டும்! அவர் அப்படிச் செய்யவில்லை. 1993இல் ஐபிஎம்முக்குத் தேவைப்பட்டது வாடிக்கையாளரின் கண். 2014இல் மைக்ரோசாஃப்ட்டுக்குத் தேவைப்பட்டது அதன் பொறியாளர்கள் மதிக்கும் மனிதர். 1992 முதல் உள்ளேயே இருந்து, கிளவுட் பிரிவை நடத்திக்கொண்டிருந்த ஹைதராபாத்துக்காரர் சத்யா நாதெள்ளாவை 2014 பிப்ரவரி 4 அன்று அறிவித்தார்கள்.

அதே நாளில் இன்னொன்றும் நடந்தது.  குழுத் தலைவர் பதவியிலிருந்து கேட்ஸ் இறங்கி ஆலோசகரானார், தாம்சன் தலைவரானார். புதிய தலைமைச் செயல் அதிகாரியின் முதுகுக்குப் பின்னால் நிறுவனர் தலைவராக உட்கார்ந்திருந்தால், ஒவ்வொரு முடிவுக்கும் ஊழியர்கள் யார் முகத்தைப் பார்ப்பார்கள்? நாதெள்ளாவுக்குப் பதவியைத் தந்ததோடு நிற்காமல், அதை நடத்த இடத்தையும் விட்டுக்கொடுத்த ஏற்பாடு அது. அடுத்த மாதமே ஐபேடில் இயங்கும் ஆபீஸ் மென்பொருள் வெளியானது. விண்டோஸை நடுநாயகமாக வைத்திருந்த நிறுவனத்தில் அது எத்தனை பெரிய திருப்பம் என்பதைத் தொழில்நுட்ப மாணவர்கள் அறிவீர்கள்.

ஆயினும் நோக்கியா. அதன் கைபேசிப் பிரிவை வாங்கப் பால்மர் முன்வைத்த திட்டத்தை முதலில் மறுத்த இயக்குநர் குழு, 2013 செப்டம்பரில் சுமார் 720 கோடி டாலருக்கு ஒப்புக்கொண்டது. வெரிட்டாஸைக் கண்டவர் அந்த மேசையில் இருந்தும் ஒப்புக்கொண்டது. இரண்டே ஆண்டில், 2015 ஜூலையில், கொடுத்த விலையைவிடக் கூடுதலாக 760 கோடி டாலரை எழுதித் தள்ளினார் நாதெள்ளா. அனுபவம் காவல் காக்கும் என்று நான் சற்று முன் சொன்னதற்கு இது எல்லைக்கோடு. ஆனால் நிறுவனம் அந்த அடியைத் தாங்கிக்கொண்டது. 2014 தொடக்கத்தில் சுமார் 30,000 கோடி டாலராக இருந்த சந்தை மதிப்பு, 2021 ஜூனில் 2 லட்சம் கோடி டாலரைத் தொட்டது. ஆள் சரியாக இருந்தால் பிழை கொல்லாது என்று நான் தொடக்கத்தில் வைத்த கருத்துக்கு இதைவிடத் தெளிவான கணக்கு என்னிடம் இல்லை.

இதே தாம்சன் இன்னொரு மேசையில் தோற்றார். மரபணு வரிசையைப் படிக்கும் இயந்திரங்களைச் செய்யும் இலுமினா நிறுவனத்துக்கு 2021இல் குழுத் தலைவரானார். புற்றுநோயை இரத்தப் பரிசோதனையில் கண்டறிய முயலும் கிரெயில் நிறுவனத்தை, ஐரோப்பிய ஆணையத்தின் அனுமதிக்குக் காத்திராமல், அந்த ஆகஸ்டில் இலுமினா வாங்கி முடித்தது. பங்கு விலை சரிந்தது. முதலீட்டாளர் கார்ல் ஐகான் எதிர் வேட்பாளர்களை நிறுத்தினார். 2023 மே 25 அன்று நடந்த வாக்கெடுப்பில் பங்குதாரர்கள் தாம்சனை வெளியேற்றினார்கள். சில நாட்களில் தலைமைச் செயல் அதிகாரியும் விலகினார். ஆணையம் 43 கோடி யூரோவுக்கு மேல் அபராதம் விதித்தது. அந்த இணைப்பை ஆராயவே ஆணையத்துக்கு அதிகாரமில்லை என்று ஐரோப்பிய நீதிமன்றம் 2024 செப்டம்பரில் தீர்ப்பளித்தபோது, கிரெயிலை இலுமினா ஏற்கெனவே பிரித்துவிட்டிருந்தது. சட்டப்படி சரியாக இருப்பதும் பங்குதாரரின் நம்பிக்கையைக் காப்பதும் வெவ்வேறு. மாணவர்களே, இந்த வாக்கெடுப்பை நான் தாம்சனின் இழிவாகப் பார்க்கவில்லை. மைக்ரோசாஃப்ட்டை மாற்றியவரையும் வாக்குச்சீட்டால் இறக்க முடிகிறது என்றால், அந்த அமைப்பு வேலை செய்கிறது. நம் நாட்டில் நிறுவனர் குடும்பம் பெரும்பான்மைப் பங்கை வைத்திருக்கும் நிறுவனங்களில் இப்படி ஒரு வாக்கெடுப்பு நடப்பதை நான் காண ஆசைப்படுகிறேன்.

இன்னும் ஒன்றே ஒன்று. 2021 ஜூனில் மைக்ரோசாஃப்ட் குழு, தலைவர் பதவியையும் நாதெள்ளாவிடமே கொடுத்தது. தாம்சன் மீண்டும் தலைமைச் சுயேச்சை இயக்குநர் நிலைக்கு இறங்கினார். 2023 டிசம்பரில் குழுவிலிருந்தே விலகினார். நாதெள்ளாவின் சாதனைக்கு அளித்த மரியாதை என்று இதை வரவேற்றவர்கள் உண்டு. எனக்கு இதில் உடன்பாடில்லை. கேள்வி கேட்கும் கூட்டத்தைக் கூட்டுபவரும், நிகழ்ச்சி நிரலை முடிவு செய்பவரும், கேள்விக்குப் பதில் சொல்பவரும் ஒருவரே என்றால், அடுத்த தாம்சன் எந்த நேரத்தில் வாய் திறப்பார்? இந்த இரு பதவிகளையும் பிரிக்க வேண்டும் என்று நம் பங்குச் சந்தை ஒழுங்குமுறை அமைப்பான செபியும் பெரிய நிறுவனங்களுக்கு விதி கொண்டுவந்தது. ஒருமுறை கெடு நீட்டித்து, 2022 பிப்ரவரியில், விரும்பினால் செய்துகொள்ளலாம் என்று தளர்த்திவிட்டது. அந்த விதியை மீண்டும் கட்டாயமாக்க வேண்டும் என்பதே இந்த மேடையிலிருந்து நான் வைக்கும் கோரிக்கை.